ஐஞ்சு பேருக்கு ஒரு மாலை

நார்மண்டித் தரையிறக்கத்தின்ர எண்பதாவது ஆண்டு நினைவு நாள், ஜூன் மாசம் ஆறாம் திகதி காலமை, லண்டன்ர கிழக்குப் பக்கம் தேம்ஸ் ஆத்தங்கரையில இருக்கிற ஒரு சின்ன மியூசியத்தில இது நடந்தது. நான் அங்கதான் வேலை செய்யிறன். இந்தப் பக்கத்தில மற்ற வாசகர்கள் தங்களுக்கு ஆரோ செய்த நல்லதைப் பற்றி எழுதுகினம். நான் விட்ட பிழையைப் பற்றி எழுதுறன். பிழை விடுறதெண்டாலும் நான் அரைகுறையா விடுற ஆள் இல்லை.

முதல்ல என்னைப் பற்றிக் கொஞ்சம் சொல்லவேணும். சொந்த இடம் யாழ்ப்பாணம். ஜேர்மனியில பதினொரு வருசம் இருந்திட்டு, பிள்ளையளின்ர படிப்புக்காக லண்டனுக்கு வந்தனாங்கள். இப்ப இல்ஃபோர்ட்டில வீடு. பெற்றோல் ஸ்டேஷனில காசு வாங்கிற மேசையில எட்டு வருசம் நிண்டு காலும் முதுகும் போனபிறகுதான் இந்த வேலை கிடைச்சது. காலமை கதவு திறக்கிறது, ரிக்கெற் பாக்கிறது, கண்ணாடியளைத் துடைக்கிறது, வாற சனத்துக்கு ரொயிலெற் எங்க எண்டு காட்டுறது. அவ்வளவுதான் என்ர வேலை. ஆனா எனக்கு வாய் சும்மா இருக்காது. சனம் ஒரு படத்துக்கு முன்னால முழிச்சுக்கொண்டு நிண்டா நான் போய் விளக்கம் சொல்லத் துவங்கிடுவன். இப்ப சில பேர் என்னைத் தேடி வந்து கேக்கினம். விளக்கம் சொல்லுற வேலையை உமக்கு ஆர் தந்தது எண்டு என்ர மனுசன் வீட்டில பகிடி பண்ணுவார். ஒருத்தரும் தரேல்லை, நானாத்தான் எடுத்துக்கொண்டன்.

எங்கட மியூசியத்தில பீரங்கி இல்லை, டாங்கி இல்லை. பள்ளிக்கூடப் பிள்ளையள் வந்தா ஒரு சுத்துச் சுத்திப்போட்டு முகத்தைத் தொங்கப் போடுவினம். ஆனா எங்களிட்டை இருக்கிற கதை பீரங்கியை விடப் பெரிசு. இரண்டாம் உலகப் போரில, ஜேர்மன்காரர் பிடிச்சு வைச்சிருந்த பிரான்ஸ் கரையில நேச நாட்டுப் படையள் கடலால போய் இறங்கினது எல்லாருக்கும் தெரியும். இறங்கினது சரி. இறங்கின அவ்வளவு ஆமிக்கும் சாப்பாடு, குண்டு, பெற்றோல், லொறி எல்லாத்தையும் எங்க கொண்டுபோய் இறக்கிறது? துறைமுகங்கள் எதிரியின்ர கையில. அதால துறைமுகத்தை இஞ்சயே செய்து, கடலில இழுத்துக்கொண்டு போய் அங்க வைச்சவை. ஐஞ்சாறு மாடி உயரத்தில கொங்கிறீற் பெட்டியள், உள்ளுக்கு வெறும் கூடு. இழுவைக் கப்பலுகள் அதுகளை இழுத்துக்கொண்டு போக, அங்க தண்ணியை உள்ளுக்கு விட்டுத் தாட்டு, அலையை மறிக்கிற சுவராக்கினவை. அதில சில பெட்டியள் எங்கட மியூசியத்துக்குப் பக்கத்திலதான் கட்டினது.

கொங்கிறீற் மிதக்குமோ எண்டு கேக்காத ஆள் இல்லை. அதுக்கெண்டே வீட்டிலயிருந்து ஒரு சில்வர் பேணி, தேத்தண்ணி குடிக்கிற குவளை, கொண்டுபோய் வைச்சிருக்கிறன். வாளித் தண்ணியில அதை மிதக்கவிட்டுக் காட்டுவன். பிறகு மெல்ல மெல்லத் தண்ணியை விட்டு, அது நேரா இருந்தபடியே தாழுறதைக் காட்டுவன். பிள்ளையளுக்கு மியூசியத்திலயே அதுதான் பிடிச்ச பொருள்.

அந்தக் கூடத்தின்ர நடுச்சுவரில ஒரு பெரிய கறுப்பு வெள்ளைப் படம் இருக்கு. பாதி கட்டின பெட்டிக்கு முன்னால நாலு ஆம்பிளையள். பக்கத்தில பெரிய கேத்திலோட ஒரு பெட்டை, பதினாறு வயசு இருக்கும். ஆம்பிளையள் கமராவைப் பாக்க, அவள் மட்டும் கேத்திலைப் பாத்துக்கொண்டு நிக்கிறாள். கீழ இருந்த குறிப்பில ‘பெயர் தெரியாத தொழிலாளர்கள்’ எண்டு மட்டும் போட்டிருந்தது. அந்த வேலை அவ்வளவு ரகசியம். என்னத்தைக் கட்டுறம் எண்டு கட்டினவைக்கே சொல்லேல்லை. எங்கட மனேஜர், என்ர மகளின்ர வயசுள்ள வெள்ளைக்காரப் பிள்ளை, நாலு வருசமா அந்தப் பேருகளைத் தேடித் திரிஞ்சவ. பழைய பதிவுகள், பத்திரிகை, தேவாலயம் எண்டு எல்லா இடமும் கேட்டுப் பாத்தா. ஒண்டும் சரிவரேல்லை. நாலு பேர் அவ்வளவு பெரிய வேலையைச் செய்துபோட்டுப் பேரில்லாமத் தொங்குகினமே எண்டு அவ சொல்லேக்க கண் கலங்கும்.

இதுக்குள்ளதான் என்ர வாய் வந்தது. ரெண்டு வருசத்துக்கு முதல் ஒரு வயசான மனுசன் அந்தப் படத்துக்கு முன்னால நிண்டு, இந்தப் பக்கம் ரீ குடுத்த பெட்டையளில ஒருத்தி ஜேர்மன்காரர் விட்ட பறக்கிற குண்டு விழுந்து செத்ததாத் தன்ர தாய் சொன்னவ, ஒருவேளை இவளாயும் இருக்கலாம் எண்டார். ‘ஒருவேளை’ எண்டது அவற்ற சொல்லு. என்னட்டை அந்தச் சொல்லு ரெண்டு கிழமைதான் இருந்தது. மூண்டாம் கிழமை நான் சனத்துக்குக் கதை சொல்லேக்க அந்தப் பெட்டை செத்தே போயிட்டாள். பிறகு பிறகு அதுக்கு உப்புப் புளியும் சேந்தது. கேத்திலோட தெருவைக் கடக்கேக்க குண்டு விழுந்தது எண்டு நானே சொல்லியிருக்கிறன். கேட்ட சனம் உச்சுக் கொட்டும். எனக்கு அது பிடிச்சிருந்தது, ஒளிக்க என்ன இருக்கு.

நினைவு நாளுக்கு ஒரு கிழமைக்கு முதல் மனேஜர் ஓடி வந்து ஒரு சேதி சொன்னா. ஒருத்தர் ஈமெயில் போட்டிருக்கிறார். தன்ர தாய்க்குத் தொண்ணூற்றாறு வயசு, போர்க் காலத்தில அந்தக் கட்டுமானத்தில கன்ரீன் வேலை செய்தவ, ஞாபகம் எல்லாம் நல்லா இருக்கு, நினைவு நாளுக்குக் கூட்டிக்கொண்டு வாறன் எண்டு எழுதியிருந்தார். அந்த அம்மா படத்தில இருக்கிற நாலு பேரில ஒருத்தரையாவது அடையாளம் காட்டினாப் போதும் எண்டு மனேஜர் சொன்னா. அந்த வேலையில நிண்டவையில உயிரோட இருக்கிற வேற ஒருத்தரையும் எங்களுக்குத் தெரியாது. இவவும் போனா, அந்தப் பேருகள் உலகத்தில ஒரு இடத்திலயும் இல்லை. அது எனக்கு வடிவா விளங்கினது.

விளங்கினபடியாலதான் நான் முந்திரிக்கொட்டை மாதிரி முந்தினன். நினைவு நாளெண்டா எங்கட முறைக்கு ஒரு மாலையாவது போடவேண்டாமோ? இல்ஃபோர்ட்டில பூக்கடைக்குப் போய் ஒரு செவ்வந்தி மாலை சொன்னன். சாமிக்கோ, படத்துக்கோ எண்டு கடைக்காரத் தம்பி கேட்டார். படத்துக்கு எண்டன். ஐஞ்சு பேருக்கும் அளவா, சுவர் அகலத்துக்குக் கட்டித் தந்தார்.

அண்டைக்கு விடிய மாலைப் பெட்டியோட வெளிக்கிடேக்க, எங்களோட இருக்கிற என்ர அம்மா குசினி வாசலில நிண்டு ஆருக்கு மாலை எண்டு கேட்டா. மியூசியத்தில இருக்கிற படத்துக்கு எண்டன்.

“செத்தது வடிவாத் தெரியுமோ?” எண்டு கேட்டா.

“ஓம் அம்மா, எண்பது வருசமாச்சு” எண்டுபோட்டு நான் ஓடிட்டன்.

அம்மா அப்பிடிக் கேக்கிறதுக்குக் காரணம் இருக்கு. எங்கட வீட்டு ஹோலில மாலை இல்லாத படம் ஒண்டு இருக்கு. என்ர அண்ணை. ஊரில ஒருநாள் பின்னேரம் சைக்கிளில வெளிக்கிட்டவர், திரும்பி வரேல்லை. முப்பது வருசம் தாண்டிட்டுது. உடம்பும் இல்லை, கடிதமும் இல்லை, கண்டனெண்டு சொல்ல ஆளும் இல்லை. ஒருக்கா அப்பாவின்ர திவசத்துக்கு வந்த சொந்தக்கார மனுசி ஒருத்தி, நல்லெண்ணத்திலதான், அப்பாவின்ர படத்துக்கு ஒரு மாலையும் அண்ணையின்ர படத்துக்கு ஒரு மாலையும் கொண்டுவந்தவ. அம்மா அதை வாங்கி வாசலுக்கு வெளியால வைச்சுப்போட்டு, “ஆரைக் கேட்டு என்ர பிள்ளையைச் சாக்காட்டுறாய்?” எண்டு கேட்டா. அந்த மனுசி பிறகு எங்கட வீட்டுப் பக்கம் வரேல்லை. இந்த வீட்டில வளந்த நான்தான் அண்டைக்கு மாலையோட எலிசபெத் லைன் ரயிலில ஏறினன்.

எட்டரைக்கே மியூசியம் திறந்து, ஏணி வைச்சு ஏறி மாலையைப் போட்டன். நெருப்பு வைக்க விடமாட்டினம் எண்டபடியால் பற்றறி மெழுகுதிரி ரெண்டு வாங்கினனான், அதையும் கீழ வைச்சன். இதோட நிண்டிருந்தாலும் பரவாயில்லை. மட்டையில வடிவான கையெழுத்தில, இங்கிலிசில, ஒரு குறிப்பு எழுதி ஒட்டினன்: ‘இந்த ஐந்து பேரின் நினைவாக. தேநீர் கொடுத்த இந்தச் சிறுமி அதே ஆண்டு குண்டு விழுந்து இறந்தாள்.’ மனேஜர் வந்து பாத்திட்டு எவ்வளவு வடிவா இருக்கு எண்டு கையைப் பிடிச்சா. பெட்டையின்ர கதை நிச்சயம்தானே எண்டு ஒருக்காக் கேட்டா. நிச்சயம் எண்டன். அவ என்னை நம்பினவ.

பதினொரு மணிக்கு அந்த அம்மா வந்தா. சக்கர நாற்காலி, சிவப்புக் கம்பளிச் சட்டை, உதட்டில சாயம், ஒரு காதில கேக்கிற மெஷின். எழுபது வயசு மகன் தள்ளிக்கொண்டு வந்தார். கூடத்தில இருபது பேரளவில நிண்டவை. மனேஜர் றெக்கோடரைக் கையில வைச்சுக்கொண்டு, பரீட்சைக்குப் போற பிள்ளை மாதிரி நிண்டா. நாற்காலியைப் படத்துக்கு முன்னால கொண்டுபோய் விட்டம்.

அந்த அம்மா மாலையைப் பாத்தா. நாலு ஆம்பிளையளின்ர முகத்தையும் ஒவ்வொண்டாப் பாத்தா. பிறகு தன்ர வலது உள்ளங்கையை மற்றக் கையால தடவிக்கொண்டு சொன்னா: “அந்தக் கேத்திலின்ர கைபிடி சரியாச் சுடும்.”

இன்னொருக்காப் படத்தைப் பாத்தன், அவவைப் பாத்தன். தாடை அதே தாடை. எண்பது வருசத்தில ஒரு தாடை மாறாது எண்டு எனக்கு ஏன் முதலே தெரியாமப் போச்சு? உயிரோட இருக்கிற மனுசிக்கு மாலை போட்டு, அவவை அதுக்கு முன்னாலயே கொண்டுவந்து இருத்தியிருக்கிறன்.

அந்த அம்மாவுக்குப் பூ பிடிச்சிருந்தது எண்டு நினைக்கிறன், சிரிச்சுக்கொண்டுதான் இருந்தா. ஆனா மகன் குனிஞ்சு என்ர மட்டையை வாசிச்சார். முகம் சிவந்து போச்சு. இதை எழுதினது ஆர் எண்டு கேட்டார். மனேஜர் வாயைத் திறக்க முதல் நான்தான் எண்டன்.

“ஆரைக் கேட்டு என்ர அம்மாவைச் சாக்காட்டினனீங்கள்?”

அவர் இங்கிலிசில சொன்னதை நான் தமிழில எழுதுறன். ஆனா அவர் சொன்னது அதேதான். வேற நாடு, வேற இனம், வேற பாஷை, அதே கேள்வி. அப்ப எனக்கு எங்கட அம்மா வாசலில மாலையை வைச்ச கை கண்ணுக்கு முன்னால வந்தது. வெக்கத்தில நிலம் பிளந்து என்னை விழுங்கினாலும் பரவாயில்லை எண்டிருந்தது.

அவர் நாற்காலியைத் திருப்பினார். மனேஜர் பின்னால போய்க் கெஞ்சினா, பேருகளை மட்டும், ரெண்டு நிமிசம் மட்டும் எண்டு. பிறகு பாப்பம், கடிதம் போடுங்கோ எண்டார் அவர். தொண்ணூற்றாறு வயசில பிறகு எண்டா எந்தப் பிறகு? லிஃப்ற் பொத்தானை அமத்தியாச்சு. நாலு பேரின்ர பேரும் அந்த லிஃப்றில இறங்கிப் போகப் போகுது, அதை அனுப்பினது நான்.

‘ஐ ஆம் சொறி’ எண்டு சொல்லலாம்தான். ஆனா இந்த நாட்டில சொறி எண்டது பஸ்ஸில தோள் முட்டினாலும் சொல்லுற சொல்லு. தப்பவும் வழி இருந்தது. மாலையின்ர அர்த்தம் அங்க ஒருத்தருக்கும் தெரியாது. அது எங்கட வரவேற்பு மாலை, மட்டையில ஒரு சின்னத் தவறு வந்திட்டுது எண்டு சமாளிச்சிருப்பன், எனக்கு அதுக்கு வாய் இருக்கு. ஆனா அந்தக் கேள்வியைக் கேட்டபிறகு என்னால ஏலாமப் போச்சு. நான் போய் லிஃப்ற் வாசலில, அந்த அம்மாவின்ர முகத்துக்கு நேரா, நிலத்தில முழங்கால் போட்டன். மெஷின் போட்ட காதுப் பக்கம் பாத்து எல்லாத்தையும் சொன்னன்.

எங்கட ஆக்கள் உயிரோட இருக்கிற ஆளின்ர படத்துக்கு மாலை போடமாட்டினம், போட்டா அந்த ஆளைச் செத்தவராக் கணக்கெடுத்ததா அர்த்தம் எண்டு சொன்னன். குண்டு விழுந்த கதை எனக்கு ஒருத்தர் ‘ஒருவேளை’ எண்டு சொன்னது, அதை உண்மை ஆக்கினது நான், ரெண்டு வருசமா வாற போற எல்லாருக்கும் உங்களைச் சாகடிச்சுச் சொல்லியிருக்கிறன் எண்டு சொன்னன். பிறகு சொல்லத் தேவையில்லாததையும் சொன்னன். எங்கட வீட்டில அண்ணையின்ர படத்துக்கு முப்பது வருசமா அம்மா மாலை போட விடேல்லை, நான் இதைத் தெரிஞ்சிருக்கவேண்டிய ஆள், தெரிஞ்சும் செய்தன் எண்டன். லிஃப்ற் கதவு திறந்து மூடித் திறந்துகொண்டு நிண்டது.

அந்த அம்மா மகனைப் பாத்துக் கையைக் காட்டினா, பொறு எண்டு. பிறகு என்னைப் பாத்து, அந்தக் குண்டு தன்னைப் பிடிக்கிறதெண்டா முதல் தன்னைவிடக் கெதியா ஓடியிருக்கவேணும் எண்டா. மகன்ர வாய் ஓரம் கொஞ்சம் இளகினது. நான் சிரிக்கேல்லை, எனக்குச் சிரிக்கத் துணிவு இல்லை. அவ என்னட்டை ஒண்டு கேட்டா.

“உங்கட அண்ணை ரீ எப்பிடிக் குடிப்பார்?”

எனக்கு முதல் விளங்கேல்லை. பிறகு தன்ர பாட்டில வாய் சொன்னது. பால் விடாத தேத்தண்ணி. சீனி போடமாட்டார். பனங்கட்டித் துண்டைக் கடிச்சுக் கடிச்சுக் குடிப்பார். கடைசி முடறுக்குக் கண்ணை மூடுவார். சொல்லி முடிய அழுதிட்டன். முப்பது வருசமா அண்ணையைப் பற்றிச் சனம் என்னட்டைக் கேட்டது ஒரேயொரு கேள்வி, ஏதும் தகவல் வந்ததோ எண்டு. அவர் எப்பிடிப்பட்ட ஆள் எண்டு ஒருத்தரும் கேக்கேல்லை. நானும் அம்மாட்டைக் கேக்கேல்லை.

அந்த அம்மா தலையை ஆட்டினா. தனக்கு மனுசரை ஞாபகம் இருக்கிறது அவையள் குடிச்ச ரீயாலதான் எண்டு சொன்னா. பிறகு, இஞ்ச ஆரும் ரீ தரமாட்டியளோ எண்டு கேட்டா. நாற்காலி திரும்பினது.

நான்தான் ரீ போட்டன். கோப்பை தட்டில கடகடத்தது. பாத்துக்கொண்டிருந்தவ, நானும் முதல் கிழமை இப்பிடித்தான் எண்டா. ரெண்டு முடறு குடிச்சாப்பிறகு, முதல் வேலையா என்னை அதுக்குள்ளயிருந்து வெளியால எடுங்கோ எண்டு மாலையைக் காட்டினா. சுவர் அகலத்துக்குக் கட்டின ஒரே மாலை, அதில ஒருத்தரை மட்டும் எப்பிடி எடுக்கிறது? ஏறி முழுசாக் கழட்டினன். நூலை அறுத்து, பூக்களைச் சில்வர் பேணிக்குள்ள போட்டன். அவ பேர் சொல்லச் சொல்ல, ஒவ்வொருத்தருக்கும் கீழ ஒரு பூ வைக்கிறதெண்டு முடிவு. மனேஜர் றெக்கோடரை ஓடவிட்டா.

பேருகளை நான் இஞ்ச எழுதேல்லை, அது அந்தந்தக் குடும்பங்களுக்கு உரியது. ஆனா ரீயைச் சொல்லலாம்.

இடப்பக்கம் நிண்ட பெரிய மீசைக்காரர் மேசன் வேலைக்காரர். சீனிக்குப் பங்கீடு இருந்த காலம். அவர் தன்ர பங்குச் சீனியைக் கடதாசியில சுத்தித் தொப்பிக்குள்ள ஒளிச்சுக் கொண்டுவருவார். போர் முடிஞ்சு கனகாலத்துக்குப் பிறகு படுக்கையில செத்தவர், செத்தவீட்டுக்குத் தான் போனது எண்டா. பேரைச் சொன்னா. ஒரு பூ வைச்சன்.

அடுத்தவர் அயர்லாந்துக்காரர், கொங்கிறீற் ஊத்த முதல் பலகை அடிக்கிற தச்சர். பால் ஒத்துவராது, கறுப்பாக் குடிப்பார். ஏப்ரல் மாசம், உயரத்தில கட்டின சாரத்தால விழுந்தவர். அவற்ற கோப்பை அண்டைக்கு மேசையில ஆறிப்போய் இருந்தது. தான் கட்டினது என்ன எண்டு தெரியாமலே செத்தவர் எண்டா. பேரையும் ஊரையும் சொன்னா. ரெண்டாவது பூ.

மூண்டாவது ஆள் வயசானவர், குண்டில வீட்டை இழந்தவர். ரீ ஊத்திற பெட்டைக்கு ரீ குடுக்கிறேல்லை. இவர் ஒவ்வொருநாளும் தன்ர கோப்பையில பாதியை அவவுக்கு விட்டுவைப்பார். அவற்ற கல்லறைக்குத் தான் போனமாசம் வரைக்கும் போய் வந்தது எண்டா. மூண்டாவது பூ.

கடைசியா நிண்டவர் இருபது வயசு இளந்தாரி. அவற்ற பேரை அவ கெதியாச் சொல்லிப்போட்டா, சொல்லவெண்டே ஆயத்தமா வைச்சிருந்த மாதிரி. ஆறின ரீதான் குடிப்பாராம், சுடச்சுடக் குடிக்க நேரம் இல்லாம இல்லை, கடைசியாக் குடிச்சா ரீ குடுக்கிற பெட்டையோட கொஞ்சம் கூடக் கதைக்கலாம். மகன் கேக்காத மாதிரி முகட்டுக் கூரையைப் பாத்தார். பெட்டி எல்லாம் இழுத்துக்கொண்டு போன கிழமை, அவர் கோப்பையைக் கவிட்டு வைச்சிட்டு நாளைக்குப் பாப்பம் எண்டு போனவராம். வரேல்லை. வேற வேலைக்குப் போனாரோ, படையில சேந்தாரோ, ஒருத்தருக்கும் தெரியாது. படையள் பிரான்சில இறங்கிட்டினம் எண்டு றேடியோ சொன்ன காலமை தான் வேற ஆக்களுக்கு ரீ ஊத்திக்கொண்டு நிண்டது, தாங்கள் கட்டின பெட்டியளும் அங்கதான் போனது எண்டது மாசக்கணக்குக்குப் பிறகுதான் தெரியும், அதைச் சொல்லுறதுக்கு அவரைத் தேடினது எண்டா.

நான் நாலாவது பூவை எடுத்திட்டன். கை படத்துக்குக் கிட்டப் போயிட்டுது. அப்பிடியே நிண்டன். உயிரோட இருந்தா நூறு வயசு. இருக்கமாட்டார் எண்டு உலகம் முழுக்கச் சொல்லும். திரும்பி அந்த அம்மாவைக் கேட்டன், இவருக்கு வைக்கவோ எண்டு. நான் எனக்கு விவரம் தெரிஞ்ச நாளிலயிருந்து ஆரிட்டையும் கேட்டுச் செய்த ஆள் இல்லை. அவ படத்தில அந்த முகத்தைப் பாத்தா.

“எனக்குத் தெரியாது” எண்டா.

நான் பூவைத் திருப்பிப் பேணிக்குள்ள போட்டன். போகேக்க மகன் என்ர கையைப் பிடிச்சுக் குலுக்கினார். எனக்கு அது போதும்.

அண்டைக்குப் பின்னேரம் வீட்டுக்கு வந்து அம்மாவுக்கு எல்லாம் சொன்னன். மாலைப் பிழையைச் சொல்லேக்க, கேட்டனான்தானே எண்டு ஏசினா. கடைசி ஆளுக்குப் பூ வைக்கேல்லை எண்டவுடன ஏச்சு நிண்டுது. எழும்பிப் போய் ரெண்டு பேருக்கும் பால் விடாத தேத்தண்ணி போட்டு, பனங்கட்டிப் பெட்டியையும் தூக்கிக்கொண்டு வந்தா. அண்ணை சின்னனில பனங்கட்டி களவெடுத்துக் காச்சட்டைப் பொக்கற்றில வைச்சு எறும்பு கடிச்ச கதையை அண்டைக்குத்தான் முதல்முதல் கேட்டன். அம்மா சிரிச்சதைக் கண்டு எத்தினை காலம்.

மியூசியத்தில இப்ப குறிப்பு மாத்தியாச்சு. ஐஞ்சு பேரின்ர பேரும் இருக்கு. ஒவ்வொரு ஜூன் ஆறாம் திகதியும் நான் மூண்டு செவ்வந்திப் பூ கொண்டுபோறன், நாலாவது இல்லை, ஐஞ்சாவது இல்லவே இல்லை. அண்டைக்கு மத்தியானம் அந்த அம்மா மியூசியத்துக்கு ஃபோன் எடுப்பா. எத்தினை பூ எண்டு கேப்பா. மூண்டு எண்டுவன். நல்லது எண்டு வைச்சிடுவா. போன ஜூனிலயும் எடுத்தவ.

நான் இப்பவும் வாய்க்காரிதான், அது மாறாது. பேணியை மிதக்கவிட்டு இப்பவும் முழக்கமாத்தான் விளக்கம் சொல்லுறன். ஆனா அந்தக் கடைசி ஆளைக் காட்டி இவர் என்ன ஆனவர் எண்டு ஆரும் கேட்டா, எனக்குத் தெரியாது எண்டு சத்தமாச் சொல்லுவன். முந்தி அந்தச் சொல்லைத் தோல்வி எண்டு நினைச்சனான். ஒரு மனுசன் திரும்பி வந்து கதவைத் தட்டுறதுக்கு நாங்கள் விட்டு வைக்கக்கூடிய இடம் அந்தச் சொல்லுக்குள்ளதான் இருக்கு எண்டது, முப்பது வருசமா அம்மாவுக்குத் தெரிஞ்சிருந்தது, எனக்கு அண்டைக்குத்தான் விளங்கினது.